கடைசி வரியில் இருந்தவர்கள்

எங்கள் கந்தோருக்குக் கொம்பியூட்டர் வந்தபோது அதில் ஒரு கடிதம்கூட எழுத முடியாது. சண்டையில் உடைந்த வீடுகளைத் திருத்த உதவிக்கு வந்த ஒரு வெளிநாட்டு நிறுவனம் பெட்டியையும் பிறின்ரரையும் கொண்டுவந்து இறக்கிவிட்டு, கையெழுத்து வாங்கிக்கொண்டு போய்விட்டது. சுவிற்சைப் போட்டால் கறுப்புத் திரையில் ஒரு சின்னக் கோடு நின்று மினுங்கும். வேறொன்றும் நடக்காது. எண்பத்தெட்டாம் ஆண்டு அது. வடமராட்சியில், கடல் இரைச்சல் கேட்கும் தூரத்தில் இருந்த ஓர் அரச பணிமனை. எது என்று சொல்லாமல் விடுகிறேன். நான் அங்கே தட்டச்சாளராக இருந்தேன்.

அதிகாரி இரண்டு கிழமை அந்தக் கோட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு யாழ்ப்பாணத்தில் கொம்பியூட்டர் வகுப்பு நடத்திய ஒருவரை ஜீப்பிலேயே கூட்டிவந்தார். முப்பது வயது இருக்கும். எல்லாரும் மாஸ்ரர் என்றார்கள், நாங்களும் அப்படியே கூப்பிட்டோம். பிஸ்கட் ரின் ஒன்றுக்குள்ளிருந்து மெல்லிய கறுப்புத் தட்டுகள் இரண்டை எடுத்தார். பிளொப்பி என்றார். ஒன்றைப் பெட்டியின் வாய்க்குள் செருகி ஏதோ தட்ட, திரையில் தமிழ் வந்தது. முதலில் 'வணக்கம்'. அதன் கீழே மாஸ்ரரின் வகுப்பின் பெயர்.

எழுத்தர்களுக்கெல்லாம் தலைவர், கதிரையை விட்டு எழும்பாத பிரதம லிகிதரே எழும்பி வந்து பார்த்தார். எனக்கும் சந்தோஷமாகத்தான் இருந்தது. ஆனால் பிளொப்பியில் ஒட்டியிருந்த வெள்ளைத் தாள் சற்றுத் தடிப்பாக இருந்ததைக் கண்டுவிட்டேன். மாஸ்ரர் தேத்தண்ணி குடிக்கப் போன நேரம் நகத்தால் ஓர் ஓரத்தைக் கிளப்பினேன். உள்ளே இன்னொரு தாள், அச்சடித்த ஆங்கில எழுத்து. அதற்கு மேல் யாரோ பேனையால் குறுக்கே வெட்டியிருந்தார்கள்.

அவர் திரும்பி வந்ததும் கேட்டேன். "மாஸ்ரர், உந்தப் புறோக்கிராம் ஆர் செய்தது?"

"நாங்கள்தான்." கொஞ்சம் பொறுத்து, "உள்ளுக்கை இருக்கிறது வெளிநாட்டுச் சாமான், மிஸ். தமிழெழுத்தை வேறை ஒருத்தர் சேர்த்தவர். நாங்கள் எல்லாத்தையும் ஒண்டாக்கி, மேலை சட்டை மாத்தி விட்டிருக்கிறம். வேலை செய்யுதோ, அதைப் பாருங்கோ."

"அந்த வெளிநாட்டுக்காரருக்குத் தெரியுமே?"

அவர் சிரித்தார்.

பிரதம லிகிதரின் சந்தேகம் வேறு மாதிரி. கந்தோருக்குள் வரும் எந்தச் சாமானையும் பொருட்பதிவுப் புத்தகத்தில் ஏற்றாமல் அவரால் நித்திரை கொள்ள முடியாது. "பில் எங்கை?" என்றார். பில் இல்லை, அன்பளிப்பு என்றார் மாஸ்ரர். "அன்பளிப்பெண்டால் ஒரு கடிதம் வேணுமே?" கடிதம் இருந்தது, ஆனால் எதிர்ப்பக்கமாக. எங்கள் பணிமனையில் இந்தப் புறோக்கிராம் திருப்தியாகப் பாவிக்கப்படுகிறது என்று அதிகாரி மாஸ்ரருக்குக் கொடுப்பது. அதை நான்தான் அடித்தேன், அந்தப் பெட்டியிலேயே. நான் அதில் அடித்த முதல் கடிதம் அதன் திறமைக்குக் கொடுத்த நற்சான்றிதழ். மாஸ்ரர் அதைக் கண்ணாடி போட்டு வகுப்புச் சுவரில் மாட்டினார் என்று பிறகு கேள்விப்பட்டேன். இரண்டு மாதத்துக்குள் இன்னும் மூன்று கந்தோர்கள் அதே பிளொப்பியிலிருந்து கொப்பி எடுத்துக்கொண்டு போயின. எங்கள் புத்தகத்தில் பிரதம லிகிதர், நெடுநேரம் யோசித்த பிறகு, 'கறுப்புத் தட்டு - இரண்டு' என்று எழுதினார்.

கடிதங்கள் நன்றாகவே வந்தன. அரைப் பக்கம், முக்கால் பக்கம். பிழை விட்டால் வெள்ளை பூசத் தேவையில்லை. எனக்கும் மெல்ல மெல்லச் சந்தேகம் குறைந்தது. அப்போதுதான் வீட்டுப் பட்டியல் வந்தது.

உடைந்த வீடுகளுக்குச் சீமெந்தும் கூரைத் தகரமும் கொடுக்கப் போகிறார்கள். கிராமங்களுக்குப் பொறுப்பான அலுவலர்கள், விதானைமார், தங்கள் தங்கள் பகுதி வீடுகளைப் பார்த்து எழுதித் தரவேண்டும். கடற்கரைப் பகுதிக்குப் பொறுப்பான விதானையார் ஐம்பது வயதைத் தாண்டியவர், கொஞ்சம் கடுகடுப்பு, ஆனால் ஒவ்வொரு வளவுக்கும் நடந்துபோய்ப் பார்த்து எழுதியிருந்தார். ஒரே வீட்டைத் தகப்பன் பேரிலும் மகன் பேரிலும் இரண்டு தரம் பதிந்தவர்கள் இருந்தார்கள். அவற்றை வெட்டினோம். ஆகவே கடைசியில் எத்தனை பேர் வரவேண்டும் என்பது ஒருவருக்கும் சரியாகத் தெரியாது.

நான் அடித்து முடித்ததும் விதானையார் பக்கத்துக் கதிரையில் இருந்து தன் குறிப்புக் கொப்பியை உரத்து வாசிக்க, நான் திரையில் அடிமட்டம் பிடித்து ஒவ்வொரு வரியாகப் பார்த்தேன். ஒரு பெயரும் விடுபடவில்லை. அதன் பிறகு அச்சடித்தோம். பதினொரு தாள். றிபன் தட்டுப்பாடு, மின்சாரம் எப்போது போகும் என்று தெரியாது, திரும்ப ஒருமுறை தாளோடு ஒத்துப் பார்க்க நேரமில்லை. "திரையிலை பாத்தாச்சுத்தானே, பிள்ளை," என்றார் அதிகாரி. ஒவ்வொரு தாளின் அடியிலும் 'ஒப்பிட்டேன்' என்று எழுதி என் சிறு கையெழுத்தை வைத்தேன். தொடர் இலக்கத்தை மெஷின் போடக்கூடாது என்பது பிரதம லிகிதரின் சட்டம். அவர் சிவப்புப் பேனையால், ஒன்று இரண்டு மூன்று என்று, தாளில் இருந்த பெயர்களுக்குத் தானே இலக்கம் போட்டார். ஒரு பிரதி மாவட்டத் தலைமைப் பணிமனையான கச்சேரிக்குப் போனது. ஒன்று எங்கள் வெளிச்சுவரில் ஒட்டப்பட்டது.

மூன்றாம் நாள் மாதா கோவிலுக்குப் பின்னால் இருந்து ஒரு பெண் வந்தாள். நாற்பது வயதிருக்கும். வெயிலில் நடந்து வந்த முகம். நேரே என் மேசைக்கு வந்தாள்.

"தங்கச்சி, என்ரை மனுசன் கடலுக்குப் போயிட்டார், அதுதான் நான் வந்தனான். என்ரை வீட்டுக்கு முன்வீடு பட்டியலிலை இருக்கு. பின்வீடு இருக்கு. என்ரை வீட்டுக்குக் கூரை இல்லை, பேரும் இல்லை."

"இருங்கோ அக்கா, பாப்பம்."

"நீர் என்னத்தைப் பாக்கிறது? ஆர் வெட்டினதெண்டு எனக்குத் தெரியும்."

அவளுடைய கதை இதுதான். முந்திய வருடம் ஒரு வேலி வழக்கில் அவள் சாட்சி சொன்னாள். தோற்றவர் விதானையாரின் மைத்துனர். அன்றிலிருந்து அவர் தன்னோடு கதைப்பதில்லை என்றாள். பட்டியலில் தேடினேன். அவள் சொன்னது சரி. முன்வீடும் பின்வீடும் இருக்க அவள் மட்டும் இல்லை. விதானையார் அவள் பெயரை வாசித்தது எனக்கு நன்றாக ஞாபகம். அவள் பெயரும் எங்கள் அம்மாவின் பெயரும் ஒன்று.

அடுத்த இரண்டு நாளில் இன்னும் மூன்று பேர் வந்தார்கள். நான்கு பேருக்கும் நான்கு காரணம் இருந்தது. ஒருவர் சாதி என்றார். ஒருவர் தான் வேதக்காரன், கிறிஸ்தவன், என்பதால் என்றார். ஒருவர் விதானையாருக்கு மீன் கொடுக்காததால் என்றார். எல்லாரும் விதானையாரைத்தான் சொன்னார்கள். விதானையார் நேராக என்னிடம் வந்து நின்றார்.

"நான் வாசிச்சனான். நீங்கள் அடிச்சனீங்கள். இடையிலை என்ன நடந்தது?"

"எனக்குத் தெரியேல்லை, ஐயா."

"உங்கடை சித்தப்பான்ரை பேர் இருக்குத்தானே, பிள்ளை. அது மட்டும் விடுபடேல்லை."

சித்தப்பாவின் வீட்டுச் சுவரில் பாதி இல்லை, அது விதானையாருக்கும் தெரியும். ஆனாலும் அப்படிக் கேட்ட பிறகு கந்தோரில் யார் என்னைப் பார்த்தாலும் அதே கேள்வியைக் கேட்பது போலவே இருந்தது. நானும் அவரைச் சந்தேகித்தேன், மறைக்க என்ன இருக்கிறது? என் கையெழுத்துக்குப் பிறகு அவர் தாளை மாற்றியிருப்பாரோ என்று மேசை லாச்சியைத் திறந்து கையெழுத்துகளை ஒவ்வொன்றாகப் பார்த்தேன். எல்லாம் என்னுடையவைதான்.

அந்தக் காலத்தில் இது வெறும் மனஸ்தாபத்தோடு நிற்கிற விஷயம் அல்ல. ஒருவரைக் குற்றம் சொல்லி ஒரு பெட்டிசம் போனால் அது ஆமியின் கையிலா, இயக்கத்தின் கையிலா, எங்கே போய்ச் சேரும், அவர்கள் என்ன முடிவெடுப்பார்கள் என்று சொல்ல முடியாது. விதானையார் கடற்கரை வீதியால் வருவதை நிறுத்தினார். சைக்கிளை உள்வீதியால் விட்டார். ஒருநாள் அவருடைய கையெழுத்துப் பிசகியிருந்தது.

அன்று மத்தியானம் சாப்பிடப் போகாமல் நான்கு பேரின் பெயர்களையும் விதானையாரின் கொப்பியில் தேடினேன். ஒவ்வொருவருக்கும் முன்னால் இருந்த பெயரை எழுதினேன். அந்த முன்பெயர்களைப் பட்டியலில் தேடினேன். முதலாவது ஒரு தாளின் அடியில், என் கையெழுத்துக்கு மேலே. இரண்டாவது வேறொரு தாளின் அடியில். மூன்றாவதும் நான்காவதும் அப்படியே. விடுபட்டவர்கள் எல்லாரும் ஒரு தாளுக்கும் அடுத்த தாளுக்கும் இடையில்தான் விழுந்திருந்தார்கள்.

பிளொப்பியைப் போட்டேன். ஒன்று தொடக்கம் நூறு வரை இலக்கங்களை ஒன்றின் கீழ் ஒன்றாக அடித்தேன். திரையில் நூறும் இருந்தது. அச்சடித்தேன். முதல் தாள் முப்பத்தொன்பதில் முடிந்தது. இரண்டாம் தாள் நாற்பத்தொன்றில் தொடங்கி எழுபத்தொன்பதில் முடிந்தது. மூன்றாம் தாள் எண்பத்தொன்றில் தொடங்கியது. ஒரு பக்கம் நிரம்பினால் அதன் நாற்பதாவது வரியை அது திரையில் காட்டும், தாளில் விழுத்தாது. எங்கள் கடிதங்கள் ஒருபோதும் பக்கத்தை நிரப்பியதில்லை. அதனால்தான் இத்தனை மாதமும் தெரியவில்லை. பட்டியலில் பத்துத் தாள்கள் நிரம்பியவை. ஆகவே பத்துப் பேர். நான்கு பேர்தான் வந்திருக்கிறார்கள். மற்ற ஆறு பேரும் வீட்டிலேயே இருந்து யாரையோ வைதுகொண்டிருக்கிறார்கள்.

தாள்களை அதிகாரியிடம் கொண்டுபோனேன். அவர் பார்த்தார், கதவைச் சாத்தினார்.

"இதை வெளியிலை கதைக்க வேண்டாம்."

"சேர், மற்ற மூண்டு கந்தோரிலையும் இதே கொப்பிதான். அவை என்ன பட்டியல் அடிச்சினமோ தெரியாது."

"என்ரை கையெழுத்திலை சான்றிதழ் குடுத்திருக்கிறன், பிள்ளை. களவாய்க் கொப்பி பண்ணின ஒண்டை அரசாங்க வேலைக்குப் பாவிச்சதெண்டு நான் எப்பிடி எழுதுறது? விடுபட்ட பத்துப் பேரையும் பிற்சேர்க்கையாய்ப் போடுவம். காரணம், தட்டச்சுத் தவறு. நீங்கள் ஒரு விளக்கக் கடிதம் தாங்கோ."

நான் தாள்களை எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன். அடுத்த நாள் லீவு போட்டுவிட்டு, பருத்தித்துறையில் பஸ் ஏறி யாழ்ப்பாணம் போனேன், மாஸ்ரரைப் பார்க்க. வழியில் சென்றியில் இறக்கிச் சோதித்தார்கள். இந்திய ஆமிக்காரன் ஒருவன் என் பையிலிருந்து இலக்கத் தாள்களை எடுத்து, விரலை வைத்துக்கொண்டு மேலிருந்து கீழே போனான். இரண்டாம் தாளில் விரல் நின்றது. நாற்பது எங்கே என்று ஆங்கிலத்தில் கேட்டான். ஏதாவது இரகசியக் குறியீடோ என்று அவனுக்குச் சந்தேகம். மெஷின் விட்ட பிழை என்றேன். அரைமணி நேரம் வெயிலில் நின்றேன். நாங்கள் எல்லாரும் சேர்ந்து காணாமல் விட்டதை அவன் ஒரு பார்வையில் கண்டுபிடித்ததை நினைத்து எனக்கு வெட்கமாக இருந்தது.

மாஸ்ரர் முதலில் பிறின்ரர் பிழை என்றார். பிறகு என் கைப்பிழை என்றார். அவருடைய பெட்டியிலேயே, அவருடைய பிறின்ரரிலேயே அடித்துக் காட்டினேன். முப்பத்தொன்பது, நாற்பத்தொன்று. அவர் கதிரையில் இருந்துவிட்டார். சுவரில் எங்கள் நற்சான்றிதழ் தொங்கியது.

"மெய்யாய்ச் சொல்லுறன் மிஸ், நானும் கொப்பிதான் எடுத்தனான். கொழும்பிலை ஒருத்தரிட்டை. அவருக்கு ஆர் குடுத்ததெண்டு எனக்குத் தெரியாது."

"ஏன் இப்பிடி விடுகுது?"

"தமிழெழுத்துச் சேர்க்கேக்கை பக்க அளவு பிசகியிருக்கலாம். இல்லாட்டி..." குரலைத் தணித்தார். "உண்மையான கம்பனிக்காரர், களவுக் கொப்பியெண்டால் வேலை காட்டுற மாதிரி உள்ளுக்கை ஏதும் வைச்சிருப்பினமோ தெரியாது. எனக்கு அதைத் திறந்து பாக்கத் தெரியாது, மிஸ். மேலை உள்ள எழுத்தை மாத்த மட்டுந்தான் தெரியும்."

இரண்டு நாளில் திருத்தித் தருகிறேன் என்றார். எனக்கு வேண்டாம் என்றேன். திருத்தினால் வேறெதை விழுங்குமோ?

விளக்கக் கடிதத்தைக் கையால் எழுதினேன். நடந்தது முழுவதையும், புறோக்கிராம் எங்கிருந்து வந்தது என்பது உட்பட, எழுதி, இலக்கத் தாள்களையும் சேர்த்து ஊசி குத்தி அதிகாரியிடம் நீட்டினேன். அவர் வாசித்துவிட்டு மேசையில் வைத்தார். "இது கச்சேரிக்குப் போகாது, பிள்ளை," என்றார். கோபமில்லாமல் சொன்னார், களைத்தவர் போல.

வெளியே வந்து பிரதம லிகிதரிடம் சொன்னேன். அவர் எழும்பி உள்ளே போய், "சேர், கடிதம் பதியேல்லை," என்று சொல்லிக் கடிதத்தை எடுத்துவந்து, வரவுக் கடிதப் பதிவேட்டில் விபரம் எழுதி இலக்கம் போட்டு முத்திரை குத்தி, திரும்பக் கொண்டுபோய் அதிகாரியின் தட்டத்தில் வைத்தார்.

"இனி இல்லையெண்டு சொல்லேலாது," என்றார் என்னிடம். நான் நன்றி சொல்ல வாயெடுத்தேன். "உமக்காகச் செய்யேல்லை. சிவப்புப் பேனை பிடிச்சது நான். நாளைக்குக் கணக்குப் பாக்க ஒடிற்காரர் வந்தால் காட்ட எனக்கும் ஒரு துண்டு வேணும்."

பத்துப் பேரின் பிற்சேர்க்கையைப் பழைய ரைப்றைற்றரில் அடித்தேன். காரணம் 'தட்டச்சுத் தவறு' என்றே போனது. என் கடிதம் போகவில்லை, ஆனால் பதிவேட்டில் இருந்தது. அந்த வருடம் எனக்கு வரவேண்டிய பதவி உயர்வு வரவில்லை. இதனால்தானா என்று யாரிடம் கேட்பது? மற்ற மூன்று கந்தோர்களுக்கும் நானே தனிப்பட ஒவ்வொரு கடிதம் எழுதினேன். ஒன்றிலிருந்து மட்டும் பதில் வந்தது, எங்களிடம் அப்படிப்பட்ட குறைபாடு எதுவும் இல்லை என்று. பதில் அரைப் பக்கம்தான் இருந்தது. மின்சாரம் முற்றாக நின்றுபோகும் வரை எங்கள் கந்தோரிலும் அதே புறோக்கிராம்தான். அதிகாரி மாற்றச் சம்மதிக்கவில்லை. நான் பக்கத்துக்கு முப்பத்தெட்டு வரிக்கு மேல் அடிப்பதில்லை.

விதானையாருக்காக ஒன்று செய்யவேண்டும் என்று பட்டது. அதிகாரி கதைக்க வேண்டாம் என்று சொன்னதை மீறி, இலக்கத் தாள்களை எடுத்துக்கொண்டு மாதா கோவிலுக்குப் பின்னால் இருந்த அந்த வீட்டுக்குப் போனேன். அதற்குள் பிற்சேர்க்கைக்காரருக்குத் தகரம் வந்திருந்தது, சீமெந்து வரவில்லை. புதுத் தகரம் வெயிலில் கண்ணைக் கூசவைத்தது. அவள் நான் உட்கார ஒரு வாங்கைத் தட்டிப் போட்டாள். புருஷன் கிழிந்த வலையைப் பொத்திக்கொண்டிருந்தார்.

நான் தாள்களை விரித்துக் காட்டினேன். முப்பத்தொன்பது, நாற்பது இல்லை, நாற்பத்தொன்று. ஒவ்வொரு தாளிலும் இதேதான், அக்கா. உங்கடை பேர் நாற்பதாவதாய் வந்தது. விதானையார் உங்கடை பேரை வாசிச்சவர். நான் காதாலை கேட்டனான்.

அவள் தாளை வாங்கித் தூரப் பிடித்தும் கிட்டப் பிடித்தும் பார்த்தாள்.

"உதிலை பேர் ஒண்டும் இல்லையே, தங்கச்சி. இலக்கந்தானே கிடக்கு."

"பேரைப் போட்டு அடிச்சாலும் உப்பிடித்தான் வரும்."

"அப்ப ஆர் விட்டது?"

"ஒருத்தரும் விடேல்லை. அந்தப் புறோக்கிராம்."

"ஆர் அவன்?"

புருஷன் தலையைக் குனிந்துகொண்டு சிரித்தார். அவள் சிரிக்கவில்லை. தாள்களை மடித்து என் கையில் வைத்து, கையையும் சேர்த்துப் பிடித்தாள்.

"நீர் நல்ல பிள்ளை. ஒரே கந்தோரிலை வேலை செய்யிறனீங்கள், அவரைக் காப்பாத்தத்தானே வேணும். நான் பெட்டிசம் ஒண்டும் போடமாட்டன், பயப்பிடாதையும். ஆனால் எனக்குத் தெரியும்."

கருவாட்டுப் பொட்டலம் ஒன்று தந்தாள். வேண்டாம் என்றால் அதற்கும் ஒரு காரணம் நினைப்பாள் என்று வாங்கிக்கொண்டு வந்தேன்.

விதானையார் தானாகவே கேட்டுத் தென்மராட்சிக்கு மாற்றம் எடுத்தார். பொறுப்புக் கொடுக்க வந்த அன்று, கொப்பிகளை எல்லாம் அடுக்கி வைத்துவிட்டு என் மேசைக்கு வந்து நின்றார். சித்தப்பாவைப் பற்றிக் கேட்ட பிறகு அவர் என்னோடு கந்தோர் வேலை தவிர வேறெதுவும் கதைத்ததில்லை.

"அந்த மனிசியிட்டைப் போனீங்களாம்."

"ஓம், ஐயா."

"இப்ப என்ன சொல்லுது?"

"விளங்கப்படுத்தினன். நம்பீற்றா."

அவர் மேசையில் சாய்த்து வைத்திருந்த குடையை எடுத்தார்.

"என்னை மாதிரி உங்களுக்கும் பொய் சொல்ல வரேல்லை, பிள்ளை," என்றார். வெளியே போனார். சைக்கிள் உள்வீதிப் பக்கம் திரும்பியது.